திரையில் தெரிகிறது, காப்பி ஆகவில்லை: அந்த எழுத்தை மொழிபெயர்ப்பது எப்படி?

கேள்வியைச் சுருக்கிச் சொன்னால் இதுதான்: 4 ஜிபி ராம் உள்ள பழைய விண்டோஸ் மடிக்கணினி. அதில் ஒரு கருவிக்கான மென்பொருள் சீன மொழியில் மட்டுமே திறக்கிறது. எழுத்தை மவுஸால் தேர்ந்தெடுக்க முடியவில்லை, அதனால் காப்பி எடுத்து மொழிபெயர்ப்புத் தளத்தில் ஒட்டவும் வழியில்லை. கணினியைத் திணறடிக்காத சின்ன மென்பொருள் ஏதாவது உண்டா, அர்த்தம் தமிழிலேயே கிடைக்குமா? அவ்வப்போது ஜப்பானிய விளையாட்டு ஒன்றுக்கும் அது உதவினால் நல்லது.

உண்டு. ஆனால் பெயர்களுக்குப் போவதற்கு முன் எந்த மென்பொருளும் தேவைப்படாத ஒரு வழியைச் சொல்லிவிடுகிறேன். பல வருடமாக விண்டோஸில் வேலை செய்பவர்களுக்கே இது தெரிவதில்லை. ‘பிழை’, ‘நிச்சயமாகவா?’ என்றெல்லாம் கேட்டுக்கொண்டு வரும் சாதாரணச் செய்திப் பெட்டி முன்னால் நிற்கும்போது கண்ட்ரோல், சி இரண்டையும் சேர்த்து அழுத்துங்கள். ஒன்றுமே நடக்காத மாதிரி இருக்கும். நோட்பேடைத் திறந்து ஒட்டிப் பாருங்கள். பெட்டியின் தலைப்பு, உள்ளே இருக்கும் செய்தி, பொத்தான்களின் பெயர்கள் எல்லாம் எழுத்தாகவே வந்து விழும். விண்டோஸின் சொந்தச் செய்திப் பெட்டியைப் பயன்படுத்தும் மென்பொருள் எதுவானாலும் இது வேலை செய்யும். தானே வண்ணம் பூசிப் பெட்டி வரைந்துகொள்ளும் மென்பொருளில் பலிக்காது. அழுத்திப் பார்க்கக் காசா பணமா, முதலில் இதை முயலுங்கள்.

இன்னொன்றையும் பார்த்துக்கொள்ளுங்கள். உங்கள் திரையில் தெரிவது உண்மையிலேயே சீன எழுத்துதானா? பழைய சீன மென்பொருள்கள் பல, எல்லா மொழி எழுத்துகளுக்கும் பொதுவான குறியீட்டு முறையான யூனிகோடு இல்லாத காலத்து முறையில் எழுதப்பட்டவை. அவற்றை வேறு மொழி அமைப்புள்ள விண்டோஸில் திறந்தால் சீன எழுத்துக்குப் பதில் கேள்விக்குறிகளோ, தலையில் புள்ளியும் கோடும் வைத்த ஆங்கில எழுத்துகளோ தெரியும். அது எந்த மொழியும் இல்லை, வெறும் குப்பை. எந்த மொழிபெயர்ப்பானாலும் அதிலிருந்து எதையும் எடுக்க முடியாது. அப்படியிருந்தால் விண்டோஸின் ‘பிராந்தியம்’ அமைப்பில், நிர்வாகப் பகுதிக்குள் ‘யூனிகோடு அல்லாத நிரல்களுக்கான மொழி’ என்று ஒன்று இருக்கும். அதைச் சீனத்துக்கு மாற்றிக் கணினியை மறுபடி தொடங்கினால் எழுத்து சரியாகத் தெரியும். ஒரே ஒரு மென்பொருளுக்காகக் கணினி முழுவதையும் மாற்ற வேண்டாம் என்றால் ‘லோகேல் எமுலேட்டர்’ என்ற சின்னக் கருவி அந்த மென்பொருளை மட்டும் சீன அமைப்பில் திறந்து காட்டும்.

சரி, எழுத்து ஒழுங்காகத் தெரிகிறது, காப்பிதான் ஆகவில்லை என்று வைத்துக்கொள்வோம்.

திரையில் உள்ளதை மொழிபெயர்க்கும் மென்பொருள் எதுவானாலும் உள்ளே நடப்பது மூன்று வேலைதான். நீங்கள் இழுத்த கட்டத்தைப் படமாகப் பிடிப்பது முதல் வேலை. படத்தில் உள்ள கோடுகளை எழுத்தாக வாசிப்பது இரண்டாவது. இதைத்தான் ஓசிஆர் என்கிறார்கள், தமிழில் எழுத்துணரி. வாசித்ததை மொழிபெயர்ப்பு எந்திரத்துக்கு அனுப்பி, வந்த விடையை ஒரு சின்னப் பெட்டியில் காட்டுவது மூன்றாவது. இந்த மூன்றாவது வேலை பெரும்பாலும் இணையத்தில், யாரோ ஒருவரின் சர்வரில் நடக்கிறது. மென்பொருள் இலேசாக இருப்பதன் ரகசியம் அவ்வளவுதான். பாரத்தை வேறு ஒருவர் சுமக்கிறார்.

விடை கோணல்மாணலாக வந்தால் எல்லோரும் மொழிபெயர்ப்பைத்தான் திட்டுகிறார்கள். நான் பார்த்தவரை பெரும்பாலும் குற்றவாளி இரண்டாவது வேலை, அதாவது வாசிப்பு.

ஒருமுறை ஒரு கண்காணிப்புக் கேமராவுக்கான சீன மென்பொருளோடு ஒரு மணி நேரம் மல்லுக்கட்டி எல்லா அமைப்புகளையும் சரிசெய்து முடித்தேன். மூடப் போனபோது மூன்று பொத்தான்களோடு ஒரு கேள்வி வந்தது. நடுப் பொத்தானைச் சுற்றிக் கட்டம் இழுத்தேன். ‘சேமி’ என்று விடை வந்தது, அழுத்தினேன். மறுபடி திறந்தால் எல்லாம் பழைய நிலையில் இருக்கிறது! சீனத்தில் ‘சேமி’ என்பதற்கு ‘பாவ்சுன்’ என்று இரண்டு எழுத்து. ‘சேமிக்காதே’ என்றால் அதே இரண்டு எழுத்துக்கு முன்னால் ‘பு’ என்று ஓர் எழுத்து கூடும். நான் நெருக்கி இழுத்த கட்டம் அந்த ‘பு’வை வெட்டிவிட்டது. மொழிபெயர்ப்பு எந்திரம் தன் கைக்கு வந்ததைச் சரியாகத்தான் மொழிபெயர்த்திருக்கிறது.

அன்றிலிருந்து எனக்கு இரண்டு பழக்கம். கட்டத்தை எப்போதும் நாலு பக்கமும் கொஞ்சம் இடம் விட்டு இழுப்பேன். பொத்தான்கள் என்றால் ஒன்றை மட்டும் பிடிக்காமல் வரிசை முழுவதையும் பிடிப்பேன். ‘சேமி, சேமி, ரத்து’ என்று விடை வந்தால் எங்கோ ஏதோ விட்டுப்போயிற்று என்று அப்போதே தெரிந்துவிடும். அதைவிட முக்கியம், வாசித்த மூல எழுத்தையும் மொழிபெயர்ப்பையும் சேர்த்துக் காட்டும் மென்பொருளைத்தான் நான் வைத்துக்கொள்கிறேன். சீனம் தெரியாவிட்டாலும் திரையில் மூன்று எழுத்து, பெட்டியில் இரண்டு எழுத்து என்று எண்ணிப் பார்க்க யாராலும் முடியும். விடையை மட்டும் அழகாகக் காட்டி மூலத்தை மறைக்கும் மென்பொருள் பார்க்க நன்றாக இருக்கும், ஆனால் ஏமாற்றும்.

இனிப் பெயர்கள்.

விண்டோஸுக்கு ‘கேப்சர்2டெக்ஸ்ட்’. நிறுவவே வேண்டாம், ஜிப் கோப்பைப் பிரித்து ஓட்டினால் போதும். விண்டோஸ் பொத்தானோடு கியூ அழுத்திக் கட்டம் இழுத்தால் வாசித்த எழுத்து கிளிப்போர்டுக்குப் போகும், அமைப்பில் சொல்லிவைத்தால் மொழிபெயர்ப்பும் கூடவே வரும். பல ஆண்டுகளாகப் புதிய பதிப்பு வரவில்லை என்பது குறை. புதிய விண்டோஸில் அதே கியூ ஷார்ட்கட் தேடல் பெட்டியைத் திறப்பதால் முதல் வேலையாக ஷார்ட்கட்டை மாற்றிவிடுங்கள். 4 ஜிபி கணினியில் இது ஓடுவதே தெரியாது.

‘க்ரோ டிரான்ஸ்லேட்’ இன்னொன்று. லினக்ஸ், விண்டோஸ் இரண்டுக்கும் உண்டு, திறமூலம் (மூல நிரலை யாரும் பார்க்கலாம், திருத்தலாம்), இப்போது கேடிஇ என்ற திறமூல மென்பொருள் திட்டத்தின் கீழ் வளர்கிறது. காப்பி ஆகும் எழுத்தைத் தேர்ந்தெடுத்து ஒரு ஷார்ட்கட், காப்பி ஆகாததற்குக் கட்டம் இழுக்க இன்னொரு ஷார்ட்கட் என்று இரண்டையும் ஒரே இடத்தில் வைத்திருக்கிறது. மூலமும் விடையும் ஒன்றாகத் தெரியும், மூலத்தில் ஓர் எழுத்து தப்பென்றால் அங்கேயே திருத்தி மறுபடி மொழிபெயர்க்கலாம். எனக்குப் பிடித்தது இதுதான். ஒரே தொல்லை, எழுத்துணரிக்கான மொழிக்கோப்பை நீங்களே இறக்கி ஒரு ஃபோல்டரில் போட்டு, அமைப்பில் அந்த ஃபோல்டரைக் காட்ட வேண்டும். பலர் இந்தப் படியைச் செய்யாமல் ‘வேலை செய்யவில்லை’ என்று அழித்துவிடுகிறார்கள்.

‘ஸ்கிரீன் டிரான்ஸ்லேட்டர்’ என்ற திறமூல மென்பொருளும் உண்டு. மொழிக்கோப்புகளைத் தன் அமைப்புப் பக்கத்திலிருந்தே இறக்கிக்கொள்ளும், அது சுகம். ஆனால் மொழிபெயர்ப்புத் தளத்தின் பக்கத்தைத் தனக்குள் திறந்து விடையை எடுக்கும் முறை என்பதால், அந்தத் தளம் தன் வடிவத்தை மாற்றினால் இது பாதியில் நின்றுவிடும்.

மைக்ரோசாஃப்டின் பவர்டாய்ஸ் தொகுப்பில் உள்ள ‘டெக்ஸ்ட் எக்ஸ்ட்ராக்டர்’ வாசிப்பதோடு நிறுத்திக்கொள்ளும். விண்டோஸ், ஷிஃப்ட், டி மூன்றையும் அழுத்திக் கட்டம் இழுத்தால் எழுத்து கிளிப்போர்டில் இருக்கும், மொழிபெயர்ப்பை நீங்கள்தான் பார்த்துக்கொள்ள வேண்டும். இதன் வாசிப்பு விண்டோஸுக்குள்ளேயே இருக்கும் எழுத்துணரியைச் சார்ந்தது. சீன, ஜப்பானிய எழுத்தை அது நன்றாக வாசிக்கும், அதற்கு அந்த மொழித் தொகுப்பை விண்டோஸ் அமைப்பில் சேர்த்திருக்க வேண்டும். ஆனால் அந்த எழுத்துணரியின் மொழிப் பட்டியலில் தமிழ் இல்லை. தமிழ்ப் படத்தை அதற்குக் கொடுத்துவிட்டு ஏன் குப்பை வருகிறது என்று தலையைச் சொறிய வேண்டாம்.

எழுத்துணரிகளில் இந்தச் சின்ன மென்பொருள்கள் பலவற்றுக்கும் அடியில் இருப்பது டெசராக்ட். 1980-களில் ஹெச்பி நிறுவனத்தில் தொடங்கியது, 2005-இல் திறமூலமாக வெளியானது, அடுத்த ஆண்டிலிருந்து கூகுளின் ஆதரவில் வளர்ந்தது. 2018-இல் வந்த நான்காம் பதிப்பில் நரம்பியல் வலை முறைக்கு, அதாவது உதாரணங்களைப் பார்த்துத் தானே கற்கும் முறைக்கு மாறியது. தமிழ் உட்பட நூற்றுக்கும் மேற்பட்ட மொழிகளை வாசிக்கும். இணையம் வேண்டாம், கிராஃபிக்ஸ் அட்டை வேண்டாம், பழைய பிராசசரே போதும். இதைவிடத் துல்லியமான புதிய எழுத்துணரிகள் வந்துவிட்டன, மறுக்கவில்லை. ஆனால் ‘ஈசிஓசிஆர்’ போன்றவை பைடார்ச் என்ற பெரிய நூலகத்தைக் கூடவே இழுத்து வருகின்றன. உங்கள் மடிக்கணினியில் அதை ஏற்றினால் ஒரு வரி வாசிப்பதற்குள் ஒரு காபி குடித்துவிட்டு வரலாம்.

டெசராக்ட் ஸ்கேன் செய்த தாள்களை மனதில் வைத்து வளர்ந்தது. கணினித் திரை தாள் இல்லை, தொல்லை அங்கேதான் வருகிறது. கணக்குப் போட்டுப் பாருங்கள். விண்டோஸ் மெனுக்களில் வழக்கமாக வரும் எழுத்தின் அளவு 9 பாயின்ட். திரையில் ஓர் அங்குலத்துக்கு 96 பிக்சல், ஓர் அங்குலத்துக்கு 72 பாயின்ட். ஆக 9 பாயின்ட் என்பது 12 பிக்சல். ஆங்கிலத்தின் பெரிய எழுத்து அந்த 12-க்குள் எட்டு, ஒன்பது பிக்சல் உயரம்தான் நிற்கும். டெசராக்ட் நன்றாக வாசிக்க அந்த உயரம் 20 முதல் 30 பிக்சல் வரை இருந்தால் நல்லது. சீன எழுத்தானால் இன்னும் மோசம், பத்துப் பதினைந்து கோடுகள் அந்த 12 பிக்சல் சதுரத்துக்குள் நெருக்கியடித்துக்கொண்டு நிற்கின்றன. மனிதக் கண்ணே சுருங்கிப் பார்க்கும் இடம் அது.

மருந்து எளிது, படத்தைப் பெரிதாக்குவது. மென்பொருளின் அமைப்பில் ‘ஸ்கேல்’ என்றோ ‘உருப்பெருக்கம்’ என்றோ ஒன்று இருந்தால் மூன்று மடங்கு வையுங்கள். அப்படி ஒன்று இல்லையென்றால், மொழிபெயர்க்க வேண்டிய சாளரத்திலேயே பெரிதாக்க முடியுமா என்று பாருங்கள். அதுதான் உண்மையில் சிறந்தது, ஏனென்றால் அப்போது எழுத்து கூர்மையாகவே பெரிதாகும். படத்தைப் பெரிதாக்கினால் மங்கல்தான் பெரிதாகும், ஆனாலும் டெசராக்டுக்கு அதுவே பெரிய உதவி. கறுப்புப் பின்னணியில் வெள்ளை எழுத்து இருந்தால் இன்னொரு சிக்கல். நான்காம் பதிப்பிலிருந்து டெசராக்டுக்கு வெள்ளையில் கறுப்பு எழுத்தே பிடிக்கும். இருண்ட தோற்றத்தை (டார்க் தீம்) அணைத்துவிட்டு வெளிர் தோற்றத்துக்கு மாறுங்கள். அமைப்பில் ‘நிறத்தைத் தலைகீழாக்கு’ என்று இருந்தால் அதுவும் சரி.

அப்புறம் வரிகளைப் பற்றி. ஒரு பத்தி மூன்று வரியில் மடிந்திருந்தால் எழுத்துணரி மூன்று வரியாகவே கொடுக்கும். மொழிபெயர்ப்பு எந்திரமோ ஒவ்வொரு வரியையும் தனி வாக்கியமாக எடுத்துக்கொண்டு மூன்று அரைகுறை வாக்கியங்களைத் திருப்பித் தரும். வினைச்சொல் கடைசி வரியில் இருக்கும் மொழிகளில் முதல் இரண்டு வரியும் அந்தரத்தில் தொங்கும். ‘வரி முறிவை நீக்கு’ என்ற தேர்வை எங்கே கண்டாலும் டிக் செய்துவிடுங்கள். சீனம், ஜப்பானியத்துக்கு வரிகளை இடைவெளி இல்லாமல் ஒட்ட வேண்டும், ஆங்கிலம், தமிழுக்கு இடைவெளியோடு. மாறாக, மெனுவை மொழிபெயர்க்கும்போது இந்தத் தேர்வை எடுத்துவிட வேண்டும், இல்லாவிட்டால் பத்து மெனுப் பெயர்களும் ஒரே வாக்கியமாகி விசித்திரமான கவிதை ஒன்று பிறக்கும்.

மொழித் தேர்வில் கஞ்சத்தனம் நல்லது. எதற்கும் இருக்கட்டும் என்று ஆறேழு மொழியைச் சேர்த்து வைத்தால் வாசிப்பு மெதுவாகும், தப்பும் கூடும். ஜப்பானியத்தில் ‘வாய்’ என்று பொருள்படும் சீன எழுத்தும், ஜப்பானிய ஒலியெழுத்து வகையான கதகானாவில் ‘ரோ’ என்ற எழுத்தும் பார்க்க ஒரே சதுரப் பெட்டிதான். சுற்றியுள்ள எழுத்தை வைத்துத்தான் எந்திரம் முடிவுசெய்கிறது. அதற்கு மேல் மொழிகளையும் குழப்பினால் என்ன செய்யும்? ஜப்பானியத்தை மேலிருந்து கீழாக எழுதியிருந்தால் அதற்கு டெசராக்டில் தனி மொழிக்கோப்பு உண்டு. சாதாரண ஜப்பானியக் கோப்பை வைத்துக்கொண்டு நெடுக்கு வரியை வாசிக்கச் சொல்லாதீர்கள்.

தமிழிலேயே அர்த்தம் வேண்டும் என்று கேட்டீர்கள். கிடைக்கும். கூகுள் மொழிபெயர்ப்பில் தமிழ் 2011-இல் சேர்ந்தது, 2017-இல் நரம்பியல் முறைக்கு மாறியபின் நீளமான வாக்கியங்கள் நன்றாகவே வருகின்றன. ஆனால் மெனு, பொத்தான் விஷயத்தில் என் யோசனை வேறு. உங்களுக்கு ஆங்கில மெனு பழக்கம் என்றால் இலக்கு மொழியை ஆங்கிலமாகவே வையுங்கள். காரணம் ஒற்றைச் சொல். பொத்தானில் ஒரே ஒரு சொல் இருக்கும், சூழல் எதுவும் இருக்காது. சீனத்தில் ‘தாகாய்’ என்ற சொல் ஒரு கோப்பைத் திறப்பதற்கும் வரும், விளக்கைப் போடுவதற்கும் வரும். ‘குவான்பி’ மூடுவதற்கும் அணைப்பதற்கும் பொது. பல எந்திரங்கள் சீனத்திலிருந்து ஆங்கிலத்துக்குப் போய், அங்கிருந்து தமிழுக்கு வருகின்றன. முதல் தாவலில் ‘குளோஸ்’ என்று ஆகும். அந்த ஆங்கிலச் சொல்லுக்கு ‘மூடு’ என்றும் அர்த்தம், ‘அருகில்’ என்றும் அர்த்தம். இரண்டாம் தாவலில் ‘நெருக்கமான’ என்று விழுந்தால் நீங்கள் என்ன செய்வீர்கள்? ‘ஹோம்’ ‘வீடு’ ஆவதும், ‘பேக்’ ‘முதுகு’ ஆவதும் இதே வழியில்தான்.

நீளமான வாக்கியங்களுக்குத் தமிழை வையுங்கள், அங்கே சூழல் உதவுகிறது. அங்கேயும் ஒரு வேடிக்கை உண்டு. ஜப்பானியத்திலும் தமிழிலும் வினைச்சொல் வாக்கியத்தின் கடைசியில்தான் வரும். இரண்டும் நேராகப் பேசிக்கொண்டால் வரிசை கிட்டத்தட்ட அப்படியே இருக்கும். நடுவில் ஆங்கிலம் புகுந்து வாக்கியத்தை ஒருமுறை புரட்டுகிறது, தமிழுக்கு வரும்போது மறுபடி புரள்கிறது. இந்தக் குட்டிக்கரணத்தில் மரியாதைதான் முதலில் கழன்று விழும். ஜப்பானியத்தில் பணிவாகப் பேசிய பாத்திரம் தமிழில் வந்து ‘நீ என்ன செய்கிறாய்’ என்று கேட்கும். கதை படிக்கும்போது இதை மனதில் வைத்துக்கொண்டால் யார் யாரை மதிக்கிறார்கள் என்று தப்பாக நினைத்துவிட மாட்டீர்கள்.

இணையமே இல்லாமல் மொழிபெயர்க்கலாமா என்று அடுத்துத் தோன்றும். முடியும், ஆனால் இலேசு போய்விடும். ஃபேஸ்புக்கின் தாய் நிறுவனமான மெட்டா 2022-இல் வெளியிட்ட, 200 மொழிகளுக்கான மொழிபெயர்ப்பு மாதிரியில் தமிழும் உண்டு. அதன் சிறிய வடிவமே 60 கோடி அளவுருக்கள் கொண்டது, அதாவது கற்றதைச் சேர்த்துவைக்கும் எண்கள். ஓர் அளவுருவுக்கு 4 பைட் என்றால் 2.4 ஜிபி, 1 பைட்டாகச் சுருக்கினால் 600 எம்பி. சுருக்கிய வடிவம் 4 ஜிபி கணினியில் மூச்சு வாங்கிக்கொண்டாவது ஓடும், கூடவே பிரவுசரைத் திறக்காமல் இருந்தால். இந்திய மொழிகளுக்கு இடையே என்றால் சென்னை ஐஐடியின் ‘ஏஐ4பாரத்’ 2023-இல் வெளியிட்ட ‘இண்டிக்டிரான்ஸ்2’ நல்லது. அரசியலமைப்பின் எட்டாம் அட்டவணையில் உள்ள 22 மொழிகளையும் எடுத்துக்கொள்கிறது. ஆனால் உங்களுக்கு வேண்டிய சீனம் அதில் இல்லை.

இணையம் வழியே போவதென்றால் எது வெளியே போகிறது என்று தெரிந்துகொள்வது நல்லது. 1920-க்கு 1080 அளவுள்ள முழுத்திரையைச் சுருக்காமல் படமாக்கினால் சுமார் 8 எம்பி. அந்தத் திரையில் மூலையில் திறந்திருக்கும் மின்னஞ்சல், வாடிக்கையாளர் பெயர் எல்லாமே அதற்குள் அடக்கம். வாசிப்பை உங்கள் கணினியிலேயே முடித்துக்கொண்டு எழுத்தை மட்டும் அனுப்பும் மென்பொருளில், கட்டத்துக்குள் இருந்த சில நூறு பைட் மட்டுமே வெளியேறுகிறது. டெசராக்ட் வகையை நான் விடாமல் பிடித்துக்கொண்டிருப்பதற்கு இதுவும் ஒரு காரணம். அலுவலகக் கோப்புகளையும் கடவுச்சொல் திரைகளையும் கட்டத்துக்குள் கொண்டுவரவே வேண்டாம்.

இன்னொரு பக்கத்தையும் யோசியுங்கள். திரையைப் படம்பிடிக்கும், எல்லா நேரமும் ஷார்ட்கட்டுக்காகக் கீபோர்டைக் கவனிக்கும், இணையத்தோடு பேசும். இந்த மூன்றும் சேர்ந்த மென்பொருளுக்கும் உளவு மென்பொருளுக்கும் வெளியிலிருந்து பார்த்தால் வித்தியாசம் இல்லை. வைரஸ் தடுப்பான்கள் இவற்றைப் பார்த்துச் சில நேரம் குரைப்பதும் அதனால்தான். ஆகவே திட்டத்தின் சொந்தப் பக்கத்தைத் தவிர வேறு எங்கிருந்தும் இறக்காதீர்கள். ‘இலவசப் பதிவிறக்கம்’ என்று பெரிய பச்சைப் பொத்தான் வைத்திருக்கும் தளங்களிலிருந்து இறக்கவே கூடாது.

ஷார்ட்கட் சில இடங்களில் செத்துப்போனது போல இருக்கும். நிர்வாகி உரிமையோடு ஓடும் சாளரம் முன்னால் இருந்தால், சாதாரண உரிமையில் ஓடும் மொழிபெயர்ப்பான் அங்கே அழுத்தும் பொத்தானைக் கேட்க விண்டோஸ் சில நேரம் அனுமதிப்பதில்லை. டிரைவர் நிறுவும் மென்பொருள்கள் பெரும்பாலும் அப்படித்தான் ஓடும், உங்கள் கருவியின் மென்பொருளும் அந்த வகையாக இருக்க வாய்ப்பு அதிகம். அந்த நேரத்துக்கு மட்டும் மொழிபெயர்ப்பானையும் வலது கிளிக் செய்து நிர்வாகியாகத் திறந்தால் சரியாகும். நீங்கள் இழுத்த கட்டம் ஓரிடம், பிடித்த படம் வேறிடம் என்று வந்தால் காட்சி அளவு 125 அல்லது 150 சதவீதத்தில் இருக்கும். மென்பொருளின் பண்புகளில், பொருந்துதன்மைத் தாவலில், உயர் டிபிஐ அமைப்பை மாற்றிப் பாருங்கள். லினக்ஸில் வேலண்ட் சூழல் (திரையில் சாளரங்களைக் காட்டும் புதிய முறை) என்றால் ஒரு செயலி தானாகத் திரையைப் படம்பிடிக்க முடியாது, முறைப்படி அனுமதி கேட்டுத்தான் பிடிக்க வேண்டும். பழைய கருவிகள் அங்கே கறுப்புப் படத்தை நீட்டுவது இதனால்தான்.

விளையாட்டுக்கும் இதே கறுப்புத் திரைத் தொல்லை வரும். முழுத்திரையை விட்டு ‘விளிம்பில்லாச் சாளரம்’ என்ற தேர்வுக்கு மாற்றினால் பெரும்பாலும் தீரும். ஒரே இடத்தைத் திரும்பத் திரும்ப வாசித்துக்கொண்டே இருக்கும் ‘டிரான்ஸ்லுமோ’ போன்ற மென்பொருள்கள் விளையாட்டுக்கென்றே உண்டு. ஆனால் வசனம் ஒவ்வோர் எழுத்தாகத் தட்டச்சாகி வரும் விளையாட்டுகளில் அது பாதி வாக்கியத்தை வாசித்துவிட்டு உளறும். உங்கள் கணினிக்கு, வசனம் முடிந்தபின் நீங்களே ஒரு ஷார்ட்கட் தட்டுவது போதும். படமும் வசனமுமாகக் கதை சொல்லும் காட்சி நாவல் வகை விளையாட்டு என்றால் ‘டெக்ஸ்ட்ராக்டர்’ இருக்கிறது. படத்தை வாசிக்காமல், ஓடும் விளையாட்டின் நினைவகத்திலிருந்தே வசனத்தை உருவி எடுக்கிறது. வாசிப்புப் பிழை என்ற பேச்சே இல்லை. ஆனால் பலர் சேர்ந்து இணையத்தில் ஆடும் விளையாட்டில் அதைக் கொண்டுபோகாதீர்கள், ஏமாற்றுத் தடுப்பான் கண்ணில் நினைவகத்தைத் தொடுபவர் எல்லோரும் திருடர்தான்.

இதே கருவியைத் தமிழ் எழுத்துக்கும் திருப்பலாம், அதையும் சொல்லிவிடுகிறேன். பழைய தமிழ் பிடிஎஃப் பலவற்றில் காப்பி எடுத்தால் ஆங்கில எழுத்துக் குப்பையாக விழும், பாமினி போன்ற யூனிகோடுக்கு முந்தைய எழுத்துருவில் தட்டியவை அவை. அங்கே காப்பியை விட்டுவிட்டுக் கட்டம் இழுத்து டெசராக்டின் தமிழ்க் கோப்பால் வாசிப்பது எளிது. அப்போது ‘ர’வும் துணைக்காலும் இடம் மாறியிருக்கிறதா என்று பாருங்கள், ‘கௌ’ ‘கெள’ ஆகியிருக்கிறதா என்று பாருங்கள். கட்டத்தின் மேல்விளிம்பு நெருக்கமாக இருந்தால் புள்ளிகள் காணாமல் போய் ‘கல்’ ‘கல’ ஆகிவிடும். நடுவில் ஆங்கிலச் சொற்கள் இருந்தால் தமிழ், ஆங்கிலம் இரண்டையும் தேர்ந்தெடுங்கள். தமிழ் மட்டும் என்றால் ஆங்கிலச் சொல்லையும் எப்படியாவது தமிழாக்கிவிட வேண்டும் என்று அது படாதபாடு படும்.

உங்கள் சீன மென்பொருளுக்கு நான் செய்யச் சொல்வது இது. க்ரோ டிரான்ஸ்லேட்டை நிறுவுங்கள், எளிய சீனத்துக்கான மொழிக்கோப்பை மட்டும் சேருங்கள், இலக்கு மொழியை முதலில் ஆங்கிலமாக வையுங்கள், நிர்வாகியாகத் திறங்கள். பிறகு ஒவ்வொரு மெனுவையும் ஒருமுறை திறந்து ஸ்கிரீன்ஷாட் எடுத்துக்கொண்டு, மொழிபெயர்த்த அர்த்தத்தை அந்தப் படத்தின் மேலேயே தமிழில் எழுதிச் சேமித்துவிடுங்கள். மென்பொருளின் மெனு தினமும் மாறப்போவதில்லை, ஒவ்வொரு முறையும் மொழிபெயர்க்க என்ன அவசியம்? ஒரு மணி நேர வேலை. அதற்குப் பிறகு மொழிபெயர்ப்பானைத் திறப்பது பிழைச் செய்தி வரும்போது மட்டும்தான் இருக்கும், அதிலும் பாதிக்குக் கண்ட்ரோல், சி போதும். அந்தப் படத் தாளில் ‘பு’ என்ற எழுத்தை மட்டும் சிவப்பில் வட்டமிட்டு வையுங்கள்.